வாய் பேசாத அந்தப் பொடியன்

கொஞ்சம் நீளமான பதிவு. நெடுந்தீவுப் படகில் பாதியும் வீட்டுக்கு வந்து மீதியுமாக எழுதினது. நேரம் உள்ளவர்கள் வாசியுங்கள்.

'பாண்டியன் ஸ்டோர்ஸ்' தனத்தை உங்களில் அநேகம் பேருக்குத் தெரியும். நாடகமே பார்ப்பதில்லை என்று சொல்கிற ஆண்களுக்கும் தெரியும். அந்த அரை மணித்தியாலம் முடியும் வரைக்கும் வீட்டில் இராச் சாப்பாடு கிடைக்காதே. 2018 ஒக்டோபரில் விஜய் டீவியில் தொடங்கி 2023 ஒக்டோபரில் முடிந்த நாடகம். குன்னக்குடியில் ஒரு பலசரக்குக் கடை, அண்ணன் தம்பி நாலு பேர், மூத்தவருடைய மனைவி தனம். புருசனின் தம்பிமாரை ஆளாக்க வேண்டும் என்பதற்காகத் தனக்கென்று ஒரு பிள்ளை பெறுவதைத் தள்ளிப்போட்டவ. அந்த அண்ணியாக ஐந்து வருடம் வந்தவர் சுஜிதா.

எங்கள் வீட்டில் உம்மாதான் அந்த நாடகத்தின் நிரந்தர இரசிகை. இஷா தொழுதுவிட்டு வந்து உட்காருவா. நோன்பு மாதத்தில் டீவியைத் துணியால் மூடிவிடுவா. பெருநாள் கழிந்து துணியை எடுத்தால், முப்பது நாளுக்கு முன் வாசலில் நின்று அழுதுகொண்டிருந்தவர்கள் இன்னும் அதே வாசலில்தான் நிற்பார்கள். "ஒண்டும் தப்பவில்லை" என்று உம்மா சந்தோசப்படுவா.

ஒருநாள் உம்மாவிடம் சொன்னேன்: இந்தத் தனம்தான் 'பூவிழி வாசலிலே' படத்தில் வந்த அந்தச் சின்னப் பிள்ளை என்று. உம்மா நம்பவில்லை. "அது பொடியன்லா" என்றா.

உம்மா சொன்னதிலும் நியாயம் இருந்தது. படத்தில் அது பொடியன்தான். வாய் பேசாத, காது கேளாத ஒரு சின்னப் பொடியன். அந்த வேசத்தில் இருந்தது பேபி சுஜிதா என்கிற பெண் பிள்ளை. உம்மா அந்தப் படத்தைப் பார்த்தது யாழ்ப்பாணம் சோனகதெருவில், பக்கத்து வீட்டு முற்றத்தில், டெக்கும் டீவியும் வாடகைக்கு எடுத்து ஒரே இரவில் மூன்று நாலு படம் ஓட்டுகிற காலத்தில். அப்போது நான் பிறக்கவும் இல்லை. அதன் பிறகு 1990 ஒக்டோபர் வந்தது. யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் எல்லோரும் இரண்டு மணித்தியாலத்துக்குள் கையில் அகப்பட்டதோடு வெளியேறினார்கள். இரண்டு வயதுப் பிள்ளையாக என்னைத் தூக்கிக்கொண்டு உம்மா புத்தளத்துக்குப் போனா. அந்தக் கதை இந்தப் பதிவுக்குரியதில்லை. உம்மா பிறகு சொன்ன ஒன்றை மட்டும் சொல்கிறேன். புத்தளத்து ஓலைக் கொட்டிலில் இருந்த நாட்களில் சில வேளை அந்தப் படத்துப் பிள்ளை நினைவில் வருமாம். "கண்டதைச் சொல்ல வாயில்லாத பிள்ளை. அது பிறகு என்ன ஆச்சோ எண்டு நினைப்பேன்" என்றா.

கதையில் என்ன ஆனது என்று உம்மாவுக்குத் தெரியும், முடிவு வரைக்கும் பார்த்தவதான். நடித்த பிள்ளைக்கு என்ன ஆனது என்பதைத்தான் நான் தேடிப் பார்த்தேன்.

சுஜிதா 1983இல் பிறந்தவர், மலையாளி. 1986இல் பாசில் இயக்கிய 'பூவினு புதிய பூந்தென்னல்' என்ற மலையாளப் படம் வந்தது, மம்முட்டி நடித்தது. தாய் கொல்லப்படுவதைக் காண்கிற ஒரு பிள்ளை. வாய் பேச வராததால் அதை யாரிடமும் சொல்ல ஏலாது. மனைவியையும் பிள்ளையையும் இழந்து குடியில் கிடக்கிற ஒருவர் அந்தப் பிள்ளையைக் கண்டெடுக்கிறார். கொன்றவர்கள் தேடி வருகிறார்கள். அடுத்த வருடமே பாசில் அதைத் தமிழில் சத்யராஜை வைத்து 'பூவிழி வாசலிலே' என்று எடுத்தார். அதே வருடம் தெலுங்கில் சிரஞ்சீவியோடு 'பசிவாடி பிராணம்' வந்தது. கதாநாயகன் மாறினான், மொழி மாறியது. பிள்ளை மாறவில்லை. மூன்று படத்திலும் சுஜிதாதான். வயது மூன்று, நாலு.

(பாசிலின் பெயரைச் சொன்னதும் உம்மா "எங்கட ஆள்தானே" என்றா. நாங்கள் இப்படித்தான்.)

நான் ஆரம்பப் பிரிவுக்குப் படிப்பிக்கிறவள். கல்வியியற் கல்லூரியில் எங்களுக்குச் சிறுவர் நாடகம் என்று ஒரு பகுதி இருந்தது. அங்கே விரிவுரையாளர் அடிக்கடி சொல்வார், சின்னப் பிள்ளையைப் பேசவைப்பது இலேசு, பேசாமல் நிற்கவைப்பதுதான் கஷ்டம் என்று. வகுப்பில் அதை நான் நாளும் காண்கிறேன். தரம் 2 பிள்ளையிடம் ஒரு பாட்டைக் கொடுத்தால் தலையை ஆட்டி ஆட்டி ஒப்பித்துவிடும். மற்றப் பிள்ளை கதைக்கும் போது அதைக் கேட்டுக்கொண்டிருக்கிற ஆளாக நில் என்றால் காலைச் சொறியும், சபையில் தாயைத் தேடும், சிரிக்கும். அந்தப் படத்தில் சுஜிதாவுக்கு வசனமே இல்லை. பார்ப்பது, பயப்படுவது, ஒளிவது, ஒருவரின் கழுத்தைக் கட்டிக்கொள்வது, இவ்வளவுதான். வசனம் இல்லாதபடியால்தான் மூன்று மொழிக்கும் ஒரே பிள்ளையைக் கொண்டுபோக முடிந்தது என்பது என் கணிப்பு.

நடிக்கிற சின்னப் பிள்ளைகளைப் பற்றி நாங்கள் கதைக்கிற கதை எப்போதும் ஒரே அச்சுத்தான். "எவ்வளவு வடிவாக நடிச்சது, பிறகு ஏன் காணவில்லை?" கதாநாயகியாக வந்தால் வெற்றி, வராவிட்டால் பாவம். இந்த அளவுகோலே எனக்குப் பிடிப்பதில்லை. ஸ்ரீதேவியை எடுங்கள். நாலு வயதில் நடிக்கத் தொடங்கி, 1976இல் 'மூன்று முடிச்சு' வரும்போது வயது 13. அந்தப் படத்தில் அவர் ரஜினிகாந்துக்குச் சித்தி. பதின்மூன்று வயதுப் பிள்ளைக்கு அப்படி ஒரு வேசத்தைக் கொடுத்ததை நாங்கள் இன்றைக்கும் சாதனை என்று சொல்கிறோம். எங்கள் பாடசாலையில் 13 வயது என்றால் தரம் 8. அந்தத் தரம் 8 பிள்ளைகளை மனதில் வைத்துக்கொண்டு அந்தப் படத்தை ஒருமுறை நினைத்துப் பாருங்கள்.

ஷாலினிக்கு அது சுகமாக முடிந்தது என்று சொல்லலாம். 1983இல் பாசிலின் மலையாளப் படத்தில் குழந்தை, 1997இல் அதே பாசிலின் 'அனியத்திப்ராவு'வில் கதாநாயகி, அதே வருடம் தமிழில் 'காதலுக்கு மரியாதை'. 2000இல் அஜித்தைத் திருமணம் செய்தார், 2001இல் கடைசிப் படம் வந்தது. தானே போதும் என்று எழும்பிப் போனவர். தங்கை ஷாமிலியின் கதை வேறு. 1990இல் 'அஞ்சலி'. தேசிய விருது வாங்கும்போது அந்தப் பிள்ளைக்கு விருது என்றால் என்னவென்று தெரிந்திருக்காது. 2009இல் தெலுங்கில் 'ஓய்', 2016இல் தமிழில் 'வீர சிவாஜி' என்று கதாநாயகியாக வந்து பார்த்தார். ஒவ்வொரு தடவையும் பத்திரிகைகள் எழுதியது ஒரே வரிதான், அஞ்சலி பாப்பாவா இது என்று. பாவம், மூன்று வயது முகத்தோடு போட்டி போட்டு யாரால் வெல்ல ஏலும்? இப்போது ஓவியம் வரைகிறார். அது தோல்வி என்று எனக்குப் படவில்லை.

எங்கள் நாட்டோடு தொடர்புபட்ட ஒருவரும் இருக்கிறார். 2002இல் வந்த 'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்தில் மாங்குளத்துத் தாயைத் தேடி வருகிற பிள்ளை, பார்த்திபன் சீதாவின் மகள் கீர்த்தனா. தேசிய விருது கிடைத்தது. எங்கள் யுத்தத்தின் பிள்ளையை உலகம் அந்த முகத்தில்தான் பார்த்தது. அதன் பிறகு அவர் நடிப்பைத் தொடரவில்லை. கமெராவுக்குப் பின்னால் போய் மணிரத்னத்திடம் உதவி இயக்குநராக வேலை பார்த்தார். பேட்டி எடுக்கிறவர்கள் மட்டும் விடமாட்டார்கள், ஏன் நடிக்கவில்லை, ஏன் நடிக்கவில்லை என்று.

சுஜிதாவின் பாதை இவர்கள் ஒருவருடையதும் மாதிரி இல்லை. அதனால்தான் அவரைப் பற்றி எழுதுகிறேன்.

அவருக்கு ஒரு அதிர்ஷ்டம் இருந்தது. அவருடைய பெயர் பெற்ற வேசம் ஆண் பிள்ளையின் வேசம். குறுக்க வெட்டின தலைமயிர், காற்சட்டை. அந்த முகம் சனங்களின் மனதில் 'பொடியன்' என்றுதான் பதிந்தது. பெண்ணாக வளர்ந்து வந்தபோது பழைய முகத்தோடு ஒப்பிட ஒருவரும் வரவில்லை. என் உம்மா ஐந்து வருடம் தினமும் பார்த்தும் கண்டுபிடிக்கவில்லையே. ஷாமிலிக்குக் கிடைக்காத ஒளிவிடம் அது.

வளர்ந்த பிறகு படங்களில் அவருக்குப் பெரிய கதாநாயகி வேசங்கள் அமையவில்லை. தோழி, தங்கை, அக்கா என்று வந்தார். 2005இல் தெலுங்கில் 'ஜெய் சிரஞ்சீவா'. 18 வருடத்துக்கு முன் தன்னைத் தோளில் தூக்கின அதே சிரஞ்சீவிக்கு இப்போது சகோதரி. அதில் வருகிற சின்னப் பிள்ளை ஸ்ரீயா ஷர்மா, எங்களுக்கு 'சில்லுனு ஒரு காதல்' படத்தால் தெரிந்த பிள்ளை. அவரும் பிறகு சட்டம் படிக்கப் போய்விட்டார்.

அதோடு நின்றிருந்தால் சுஜிதாவைப் பற்றியும் "பிறகு காணவில்லை" என்றுதான் சொல்லியிருப்போம். அவரைக் காப்பாற்றியது டீவி. மலையாளத்தில் ஏசியாநெட்டில் 'ஹரிசந்தனம்', தமிழிலும் தெலுங்கிலும் வேறு தொடர்கள். சினிமாக்காரர் டீவிக்குப் போவதை இறக்கம் என்று நினைக்கிற வழக்கம் இருக்கிறது. சம்பளமும் சுவரொட்டியும் வைத்துப் பார்த்தால் இறக்கமாகத் தெரியலாம். நான் வேறு மாதிரிப் பார்க்கிறேன். படத்துக்கு இருபது வயது முகம்தான் வேண்டும், அடுத்த வருடம் வேறொரு இருபது வயது. நாள் நாடகம் ஐந்து வருடம் ஓடும். அதில் வருகிற ஆள் பார்க்கிறவரோடு சேர்ந்து வயது போகலாம், உடம்பு வைக்கலாம், சலித்த முகத்தோடு கோப்பி ஆற்றலாம். முப்பத்தைந்து வயதுப் பெண்ணைக் கதையின் நடுவில் நிறுத்துகிற தமிழ்ப் படம் எத்தனை வந்திருக்கிறது? தனம் வேசத்தை அவர் தொடங்கியது அந்த வயதில்தான்.

அந்த நாடகத்தை நான் உன்னிப்பாகப் பார்த்தது பாதி உம்மாவுக்காக, பாதி தொழில் புத்தியால். தனத்தின் வேலை பெரும்பாலும் கேட்பது. மாமியார் ஒன்று சொல்லுவா, தம்பி ஒன்று சொல்லுவான், மருமகள்மார் ஆளுக்கொரு பக்கம் இழுப்பார்கள். ஒவ்வொரு வசனத்துக்குப் பிறகும் கமெரா தனத்தின் முகத்துக்கு வரும். அவ ஒன்றும் சொல்லமாட்டா. விழுங்குவா. பின்னணி இசை போகும். விளம்பரம் வரும். நாங்கள் இதைக் கேலி செய்வோம், நானும் செய்திருக்கிறேன். ஆனால் வசனம் இல்லாத அந்த முகம் ஐந்து வருடம் சனங்களைப் பிடித்து வைத்திருந்தது. மூன்று வயதில் எதைச் செய்தாரோ அதைத்தான் முப்பத்தைந்து வயதிலும் செய்தார். கண்டதையும் கேட்டதையும் சொல்ல முடியாமல் நிற்கிற ஆள். அன்றைக்கு வாய் இல்லை. இன்றைக்கு வாய் இருந்தும் குடும்பம் உடையக்கூடாது என்று சொல்வதில்லை. (பெண்கள் இப்படி விழுங்கிக்கொண்டே இருக்க வேண்டுமா என்பது வேறு சண்டை. அதை உம்மாவோடு நிறையப் பிடித்திருக்கிறேன். உம்மா சொல்கிற பதில்: "நீ விழுங்காமல்தானே பேசுற, என்ன கண்டாய்?")

இடையில் முல்லையாக நடித்த சித்ரா 2020 டிசெம்பரில் இறந்தார். இரண்டு நாள் எங்கள் வீட்டில் டீவி போடவில்லை. முல்லைக்கு வேறு முகங்கள் வந்தன. தனம் கடைசிவரை தனமாகவே இருந்தா. தெலுங்கில் இதே கதை 'வதினம்மா' என்று எடுக்கப்பட்டபோது அங்கேயும் அண்ணி சுஜிதாதான். 1987இல் நடந்த அதே விசயம்: கதை மொழி மாறிப் போனது, ஆள் கூடவே போனார்.

சுஜிதாவின் அண்ணனும் குழந்தை நட்சத்திரம்தான். மாஸ்டர் சுரேஷ். பாக்யராஜின் 'மௌன கீதங்கள்' பார்த்தவர்களுக்கு அந்தச் சிறுவனை மறக்க ஏலாது. வளர்ந்து சூர்யகிரண் என்ற பெயரில் தெலுங்குப் பட இயக்குநர் ஆனார், 2003இல் 'சத்யம்' என்ற படம் நன்றாக ஓடியது. அதன் பிறகு அவ்வளவாக ஒன்றும் அமையவில்லை. 2024 மார்ச்சில் மஞ்சள் காமாலையால் இறந்துபோனார். ஒரே வீடு, ஒரே தொழில், இரண்டு பிள்ளைகள். யாருக்கு எது அமையும் என்று யாரால் சொல்ல முடியும்?

இவ்வளவையும் ஏன் தேடினேன் என்று கேட்பீர்கள். தனத்தின் மேல் உள்ள அன்பால் மட்டும் இல்லை.

தீவுப் பகுதியில் இருப்பவர்களுக்குத் தெரியும், கொஞ்ச வருடமாகக் குறிகட்டுவானில் இறங்குகிற கமெராக்கள் எத்தனை என்று. குதிரையையும் கல்வேலியையும் எடுக்க வருகிறவர்கள் வரட்டும். நான் சொல்வது உதவி வீடியோ எடுக்கிறவர்களை. வெளிநாட்டில் இருக்கிற ஒருவர் காசு அனுப்புவார். இங்கே ஒருவர் அரிசி மூட்டையோடும் கமெராவோடும் வீட்டுக்கு வருவார். தாயைக் கேட்பார், பிறகு பிள்ளையின் பக்கம் திரும்புவார். "காலமை என்ன சாப்பிட்டனீங்கள் தங்கச்சி?" பிள்ளை சொல்ல வேண்டும். அழுதால் இன்னும் நல்லது. என் வகுப்பில் முன்பு இருந்த ஒரு பிள்ளையை அப்படி எடுத்தார்கள். பெயரோ வருடமோ சொல்லமாட்டேன். அந்த வீட்டுக்கு மலசலகூடம் கட்டிக் கிடைத்தது, அது உண்மையான உதவி, மறுக்கவில்லை. ஆனால் அதன் பிறகு ஒரு வருடம் அந்தப் பிள்ளை எங்கே போனாலும் "நீர்தானே அந்த வீடியோவில் அழுத பிள்ளை" என்றார்கள். கடையில், படகில், கோயில் திருவிழாவில். பிள்ளை வகுப்பில் கை உயர்த்துவதை நிறுத்திக்கொண்டது. வீடியோ இன்னும் யூடியூப்பில் இருக்கிறது. அந்தப் பிள்ளை வளர்ந்து கம்பஸ் போனாலும் இருக்கும்.

அதுவும் நடிப்புத்தான். சம்பளம் இல்லாத, வேசம் இல்லாத, சொந்தப் பெயரிலேயே செய்கிற நடிப்பு. சுஜிதாவுக்குக் காற்சட்டையும் இன்னொரு பெயரும் கொடுத்து மறைத்தார்கள். இந்தப் பிள்ளைக்கு மறைய எதுவும் இல்லை.

நடிக்கிற பிள்ளையின் உழைப்பு யாருக்குப் போகிறது என்பது நூறு வருடப் பழைய வழக்கு. சாப்ளினோடு 1921இல் 'த கிட்' படத்தில் நடித்த ஜாக்கி கூகன் வளர்ந்து பார்த்தபோது காசு முழுவதையும் தாயும் மாற்றாந்தகப்பனும் செலவழித்திருந்தார்கள். 1938இல் வழக்குப் போட்டார். இலட்சக்கணக்கில் உழைத்ததில் கையில் கிடைத்தது 126,000 டொலர். அவருடைய பெயராலேயே 1939இல் கலிபோர்னியாவில் சட்டம் வந்தது. ஷேர்லி டெம்பிள் 32 இலட்சம் டொலருக்கு மேல் உழைத்து, வளர்ந்த பிறகு கணக்குப் பார்த்தால் 44,000 டொலர் மிச்சம். அவர் அழுதுகொண்டிருக்கவில்லை. 22 வயதில் சினிமாவை விட்டார், பிறகு கானாவுக்கும் செக்கோஸ்லோவாக்கியாவுக்கும் அமெரிக்கத் தூதுவராகப் போனார்.

இந்தியாவில் 2017இல்தான் இதற்கு விதிகள் எழுதினார்கள், சுஜிதா நடித்து 30 வருடத்துக்குப் பிறகு. பிள்ளை ஒரு நாளைக்கு 5 மணித்தியாலத்துக்கு மேல் வேலை செய்யக்கூடாது. ஓய்வில்லாமல் 3 மணித்தியாலத்துக்கு மேல் கூடாது. தொடர்ச்சியாக 27 நாளுக்கு மேல் கூடாது. மாவட்ட மஜிஸ்திரேட்டின் அனுமதி வேண்டும். வருமானத்தில் குறைந்தது 20 வீதம் பிள்ளையின் பெயரில் நிலையான வைப்பில் போக வேண்டும். எனக்குப் பிடித்தது கடைசியில் இருக்கிற ஒரு விதி: பிள்ளையின் விருப்பத்துக்கும் சம்மதத்துக்கும் மாறாக எதிலும் பங்குபற்றவைக்கக் கூடாது. எங்கள் நாட்டில் 2021இல் வேலைக்கு அமர்த்துகிற குறைந்த வயதை 16 ஆக்கினார்கள். நல்ல விசயம். ஆனால் அரிசி மூட்டையோடு வருகிற கமெராவை ஒருவரும் வேலை என்று நினைப்பதில்லையே.

போன வருடம் எங்கள் பாடசாலை தமிழ் மொழித்தினப் போட்டிக்கு ஒரு நாடகம் போட்டது. தரம் 4 பிள்ளை ஒருத்தி அதில் கிழவனாக நடித்தாள். மீன்பிடிக்கப் போய்த் திரும்பாத மகனுக்காகக் கரையில் காத்திருக்கிற கிழவன். வசனம் நாலுதான். மிச்சம் முழுக்கக் கடலைப் பார்ப்பது. சபையில் ஒருவரும் இருமவில்லை. வலய மட்டத்தில் முதலாமிடம் வந்தது, அதற்கு மேலே போகவில்லை, அது பரவாயில்லை. அந்தச் செய்தி முகநூலில் போக, குறும்படம் எடுக்கிற பொடியன்கள் சிலர் தேடி வந்தார்கள். கெட்ட பொடியன்கள் இல்லை. கையில் காசும் இல்லை, ஆசை மட்டும் நிறைய.

தாய் என்னைத் தேடி வந்தா. "ரீச்சர், விடலாமோ? பிள்ளை பிறகு படிக்காமல் சினிமா சினிமா எண்டு நிண்டா என்ன செய்யிறது? நீங்க வேற நாடகம் பழக்கினனீங்கள்." (நெடுந்தீவில் எனக்கு 'ரீச்சர்', புத்தளத்தில் 'டீச்சர்', வீட்டில் இன்னும் 'புள்ள'.)

இந்த இடத்தில் சிலர் பின்னூட்டத்தில் கேட்பீர்கள், முஸ்லிமான நீங்கள் நடிப்புக்கு ஆலோசனை சொல்லலாமா என்று. மார்க்கத் தீர்ப்பை உலமாக்கள் சொல்லட்டும். அந்தத் தாய் முஸ்லிமும் இல்லை, என்னிடம் பத்வா கேட்டு வரவும் இல்லை. பிள்ளையை அறிந்த ஆள் என்று வந்தா.

நான் சொன்னது சனி ஞாயிறு மட்டும், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு ஓய்வு, நீங்கள் பக்கத்தில் நிற்க வேண்டும், கொடுக்கிறது எவ்வளவானாலும் தேசிய சேமிப்பு வங்கியில் பிள்ளையின் புத்தகத்தில் போக வேண்டும். பிள்ளை வேண்டாம் என்றால் அந்த நிமிசமே வீட்டுக்கு. பொடியன்களுக்கும் இதையே சொன்னேன். தலையை ஆட்டினார்கள். இரண்டாம் நாள் நானும் போனேன், எனக்கும் பார்க்க ஆசைதான்.

கரையில் ஒரு காட்சி. பிள்ளை அழ வேண்டும். வரவில்லை. மூன்று தரம், நாலு தரம். வெயில் ஏறிவிட்டது. இயக்குகிற பொடியன் குந்தி இருந்து மெதுவாகத்தான் சொன்னான்: "தங்கச்சி, உங்கட அம்மா செத்துப்போனா எண்டு நினைச்சுக்கொள்ளுங்கோ." தாய் ஐந்தடி தள்ளிக் குடை பிடித்துக்கொண்டு நிற்கிறா. பிள்ளை தாயைப் பார்த்தாள். பிறகு அவனைக் கேட்டாள்: "எந்த அம்மா? படத்து அம்மாவோ, இந்த அம்மாவோ?"

அவனுக்குப் பதில் வரவில்லை. நான் எழும்ப முதல் அவனே எழும்பிவிட்டான். "சரி, அழ வேண்டாம், கடலைப் பாருங்கோ" என்று சொல்லி கமெராவைப் பின்னால் கொண்டுபோய் வைத்து முதுகை எடுத்தான். படத்தில் அந்த இடம்தான் நன்றாக இருக்கிறது. அவனிடம் சொன்னேன், சிரித்தான்.

மூன்று வயதுப் பிள்ளை தாய் கொல்லப்படுவதைப் பார்த்து நடுங்குகிற காட்சியை 1986இலும் 1987இலும் மூன்று படத்தில் எடுத்திருக்கிறார்கள். எப்படி நடுங்கவைத்தார்கள், அன்பாகவா, பயம் காட்டியா என்று எங்களுக்குத் திரையில் தெரியாது. சுஜிதா நன்றாக வந்துவிட்டார், அல்ஹம்துலில்லாஹ். அதை வைத்து எல்லாப் பிள்ளைக்கும் சரியாகிவிடும் என்று கணக்குப் போட ஏலாது.

குறும்படத்துக்காகக் கிடைத்த காசு வங்கிப் புத்தகத்தில் ஏறியது. பெரிய தொகை இல்லை, ஆனால் புத்தகத்தை எனக்குக் காட்டவென்றே பாடசாலைக்குக் கொண்டுவந்தாள். இரண்டு மாதம் கழித்து வேறொரு குழு கேட்டு வந்தது. தாய்க்கு இந்த முறை ஆசை வந்துவிட்டது. பிள்ளைதான் வேண்டாம் என்றுவிட்டாள். ஏன் என்று கேட்டேன். "ஒண்டையே திரும்பத் திரும்பச் செய்யச் சொல்லுகினம் ரீச்சர். நான் முதல் செய்ததுதான் சரி." இதற்கு நான் என்ன பதில் சொல்வது? தாயிடம் பேசினேன். முகம் கொஞ்சம் வாடியது, ஆனால் விட்டுவிட்டா.

உம்மாவுக்கு இந்தக் கதை முழுவதும் சொன்னேன். சுஜிதா சின்ன வயதில் எடுத்த படங்களையும் போனில் பெரிதாக்கிக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டு நெடுநேரம் பார்த்தா. "கண் அதேதான்" என்றா. பிறகு போனைத் திருப்பித் தந்துவிட்டு, "நல்லா இருக்கிறாவா இப்ப?" என்று கேட்டா. இருக்கிறா என்றேன். சமையல் நிகழ்ச்சியில் சிரித்துக்கொண்டு வந்ததையும் காட்டினேன். அதற்குப் பிறகுதான் தஸ்பீஹைக் கையில் எடுத்தா.

என் மாணவி இப்போது தரம் 5. புலமைப்பரிசில் வருடம், வீட்டில் படி படி என்று ஒரே நெருக்கல். இந்த வருடமும் தமிழ்த்தின நாடகம் இருக்கிறது, என்ன வேசம் வேண்டும் என்று வகுப்பில் ஒவ்வொருவரையும் கேட்டுக்கொண்டு வந்தேன். அவளுடைய முறை வந்தது. "திரை இழுக்கிற ஆள்" என்றாள். அதற்கு ஏற்கெனவே இரண்டு பேர் பெயர் கொடுத்திருக்கிறார்கள். சீட்டுக் குலுக்க வேண்டும்.